மருதாணி முடி

தச்சரிடம் சொல்லித் தேக்குப் பலகையில் செய்த பெட்டியை வீரபத்திரன் கொல்லைச் சுவரில் மாட்டி, கீழே தினையும் தண்ணீரும் வைத்துக் காத்திருந்தார். சிட்டுக்குருவிகள் தினையைத் தின்றுவிட்டுச் சுவர் தாண்டி, பக்கத்து வீட்டுத் தங்கப்பழம் தொங்கவிட்டிருந்த செருப்பு அட்டைப்பெட்டிக்குள் குடிபோயின. "வாடகையைக் கூட்டிச் சொல்லிட்டியளோ அண்ணாச்சி?" என்று அங்கிருந்து சிரித்தான் தங்கப்பழம். ஒரு காலையில், நுனியில் மருதாணிச் சிவப்பு ஏறிய நீள முடியொன்றைக் கவ்விக்கொண்டு குருவி சுவர் தாண்டுவதை வீரபத்திரன் பார்த்தார். பின்வாசலில் தலைவாரிக்கொண்டிருந்த மனைவி ரஞ்சிதத்திடம், "உன் முடி அவன் வீட்டுக்கு எதுக்குப் போவுது?" என்றார்.

"மெத்துனு இருந்தா வரும்னு நம்ம பெட்டியிலதான் அடைச்சு வச்சேன். அது உருவிட்டுப் போவுது, நான் என்ன செய்ய?"

அதற்குள் சுவருக்கு மேல் தங்கப்பழத்தின் தலை தெரிந்தது. "மதினி முடி மெத்தை கணக்கா கெடக்கு அண்ணாச்சி. தொட்டுப் பாத்தேன், என்னா மெது."

ரஞ்சிதம் குனிந்துகொண்டாள். சிரித்த மாதிரி இருந்தது.

மறுநாள் அவள் தலைவார உட்கார்ந்ததும் வீரபத்திரன் சீப்பை வாங்கிக்கொண்டு பின்னால் உட்கார்ந்தார். கல்யாணமான நாளிலிருந்து அவர் செய்தறியாத வேலை. "வலிக்குது, மெதுவா" என்றாள் அவள். சீப்பில் வந்த முடியை ஒன்றுவிடாமல் எடுத்துச் சுருட்டி, சட்டைப்பையில் போட்டுக் கையால் பொத்திக்கொண்டார். தேக்குப் பெட்டியின் மேல் வந்து உட்கார்ந்த குருவி, கழுத்தைச் சாய்த்து அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தது.