மூலையில் நின்ற கோழி

"ஒரு கோழிக்கு நோய் இருந்தாலே போதும், மொத்தக் கொட்டகையையும் குழியில போட்டு மூடிடுவாங்களாம்."

தீவன மூட்டை இறக்க வந்தவர் யாரிடமோ சொன்னது கோழிகளின் காதிலும் விழுந்தது. அன்றிலிருந்து, மூக்கொழுகிக்கொண்டிருந்த புள்ளிக்கோழியைச் சிவப்புக்கோழி தன் முதுகுக்குப் பின்னால் மூலையிலேயே மறைத்து வைத்தது.

"நம்மைச் சோதிக்க டாக்டர் வந்தா மூச்சு விடாதடி. உன்னால நாங்க எல்லாரும் சாகணுமா?"

"நான் எப்படியும் செத்துடுவேன்க்கா. ஆனா நமக்குத் தண்ணி வைக்கிற பொற்கொடியும் காலையிலிருந்து இருமுறா."

"மனுஷங்களுக்கு ஆஸ்பத்திரி இருக்கு. நமக்குக் குழிதான் இருக்கு."

"என்னைச் சோதிச்சு என்ன நோய்னு கண்டுபிடிக்காம ஆஸ்பத்திரியில என்னக்கா பார்ப்பாங்க? அவ கைக்குழந்தைக்காரி."

கால்நடை டாக்டர் வந்தார். முன்னால் நின்ற கோழிகளின் வாயில் மட்டும் பஞ்சுக் குச்சியை விட்டு எடுத்தார். "எல்லாம் நல்லாத்தான் இருக்கு" என்று கதவுப் பக்கம் திரும்பினார். கதவைப் பிடித்திருந்த பொற்கொடி, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு மறுபடி இருமினாள்.

சிவப்புக்கோழி அவளைப் பார்த்தது. டாக்டர் வாசலைத் தாண்டுமுன், புள்ளிக்கோழி அவர் கண்ணில் படும்படி மூலையை விட்டு விலகி நின்றது.