கோழிக்குச் சொன்னது

பொழுது விடிந்தால் போதும், தேயிலைத் தோட்டத்து லயத்துச் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து பூரணியின் அக்கா பிரியந்தி தன் கோழியை ஏச ஆரம்பித்துவிடுவாள்.

"மணி ஆறாச்சு மூதேவி. பெரட்டுக்குப் போகாம இன்னும் என்ன தூக்கம்?"

கோழி எந்தக் காலத்தில் பெரட்டுக்குப் போய் வேலைக்குப் பேர் கொடுத்தது? பூரணிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தண்ணீர்ப் பீலியில் வந்த சண்டைக்குப் பிறகு, மூன்று வருஷமாக அக்கா வீட்டுப் பக்கம் அவள் தலையைக்கூடத் திருப்புவதில்லை.

"மழை இருட்டிக்கிட்டு வருது. கொடியில கெடக்குற துணியை யாரு எடுப்பா, சனியனே?"

நேற்று அது எல்லை மீறிப்போனது.

"இருமி இருமிச் சாகுறியே, ஹட்டன் ஆஸ்பத்திரிக்குப் போயி மருந்து எடுத்தா என்ன கேடு?"

பூரணி தோட்டத் தலைவர் கஜேந்திரனைக் கையோடு கூட்டிவந்தாள்.

"கோழியைச் சாக்கு வச்சு என்னைத்தான் ஏசுறா. என்னன்னு கேளுங்க."

"என் கோழியை நான் ஏசுறேன். இவளுக்கு என்ன?" என்றாள் பிரியந்தி.

தலைவருக்கு அலுத்துவிட்டது. "அப்ப அந்தக் கோழியை என்கிட்ட குடுத்துருங்க. பிரச்சினை முடிஞ்சுது."

பிரியந்தி அசையவில்லை. அவரே போய்க் கூட்டைத் திறந்தார். உள்ளே விறகுதான் அடுக்கியிருந்தது.

"கோழி எங்கம்மா?"

"கீரி கொண்டுபோயி வருஷம் ரெண்டாச்சு." பிரியந்தி தலையைக் குனிந்துகொண்டாள். "அதை வெளியில சொல்லிட்டா, அப்புறம் நான் எதை வச்சு இவகிட்ட பேசுறது?"