புறாவுக்குக் கட்டிய வீடு

மைனா ஒரு சின்னப் படம் எடுத்துக்கொண்டிருந்தது. கூடு, கிளை, பின்னணி எல்லாம் தூக்கணாங்குருவியின் பொறுப்பு. குஞ்சுகள் பறந்துபோன பிறகு தனியாக வீடு திரும்பும் தாயாக நடித்தது மணிப்புறா.

அந்தக் காட்சிதான் சரியாக வரவில்லை. எத்தனை முறை எடுத்தாலும் புறாவின் அழுகை பொய்யாகவே இருந்தது. மேற்கே வானம் கறுத்துக்கொண்டு வந்தது. மழை பிடித்தால் படம் அதோடு நின்றுபோகும். மைனா பதறிப்போய், கூட்டில் இன்னும் நாலு பூவைச் செருகச் சொன்னது.

குருவியோ கூட்டையே பார்த்துக்கொண்டிருந்தது. யாருமே குடியிருக்காத வீடு அது என்று அப்போதுதான் அதற்குப் பட்டது.

“குறை அக்காகிட்ட இல்ல, என் கூட்டுலதான் இருக்கு. கொஞ்ச நேரம் குடு, சரிபண்ணிடறேன்,” என்றது.

பூக்களையெல்லாம் வெளியே தள்ளியது. புதுப் பஞ்சை மிதித்து நடுவில் இரண்டு குழி பண்ணியது. வாசலில் இருந்த நார்களைக் கால்பட்டுத் தேய்ந்ததுபோல் உரசிவிட்டது. ஓரத்தில் ஒரு முட்டை ஓட்டுத் துண்டைப் போட்டது.

“உள்ளே ஒண்ணுமே இல்லையே!” என்றது மைனா.

“ஆமா. எல்லாரும் இப்பதான் கிளம்பிப் போயிருக்காங்க.”

புறா உள்ளே வந்தது. குழிகளை மிதிக்காமல் சுற்றிப்போய் ஓரமாக உட்கார்ந்தது. வசனத்தைச் சொல்லவே இல்லை. மைனா ‘கட்’ சொன்ன பிறகும் எழுந்திருக்கவில்லை.

“இதைப் பிரிச்சிடுவியா?” என்று குருவியைக் கேட்டது.

“பிரிக்கணும் அக்கா. நாளைக்கு வேற படத்துக்கு இதே நாருலதான் அரண்மனை கட்டணும். ஆனா ஒண்ணும் அவசரமில்ல, நீங்க இருங்க. மழை வந்தா நான் மேலே இலை போட்டு மூடிடறேன்.”