புகைப் பரிசோதனை

வத்தேகமவில் வாகனப் புகை பரிசோதிக்கும் இடத்தில் யோகநாதனின் பழைய ஆட்டோ நிற்கிறது. இன்றைக்குத் தேறாவிட்டால் வரிப்பத்திரம் கிடைக்காது, ஆட்டோ ஓடாது. புகைக்குழாயில் கருவியைச் செருகக் குனிந்த பரிசோதகர் நபீல் திடுக்கிட்டு நிமிர்கிறார். “என்னண்ணே, இஞ்சினே ஸ்டார்ட் பண்ணல்ல, அதுக்குள்ள புகையா?” யோகநாதன் பதறித் திரும்புகிறான். பின்சீட்டில் மனைவி புஷ்பலதா, ஒரு கட்டு ஊதுபத்தியை மொத்தமாகக் கொளுத்திப் பிடித்தபடி, கதிர்காமக் கந்தன் படத்தின் முன் கண்மூடியிருக்கிறாள். “புகை வரக்கூடாதுன்னு வேண்டிக்கிட்டிருக்கேங்க. சத்தம் போடாதீங்க.” நபீல் வாயைப் பொத்திக்கொள்கிறார். இஞ்சின் உறுமுகிறது, கணினித் திரையில் பச்சை எழுத்து மின்னுகிறது. “பாத்தீங்களா?” என்று புஷ்பலதா நிமிர்ந்து உட்காருகிறாள். கார்புரேட்டர் கழுவிய கறை இன்னும் போகாத விரல்களைச் சட்டைப் பைக்குள் ஒளித்துக்கொண்டு, “ஆமா புள்ள, எல்லாம் ஒன் ஊதுபத்திதான்” என்கிறான் யோகநாதன்.