விக்கெட்டுக்கு இரண்டு சட்டை

கிட்டுவின் வலக்கைக்கு விலை, விக்கெட்டுக்கு மூன்று சட்டை. கரிசல் பக்கம் கூலி பேசிப் பந்து போட்ட முதல் ஆள் அவன்தான்.

"ரெண்டு தாரேம்லே. அத்தனையும் தீபாவளிச் சரக்கு!" என்றார் புதியம்புத்தூர் ரெடிமேட் கடை ஜேசுதாசன். அவருடைய டீம் மூன்று வருஷமாக ஓட்டப்பிடாரத்திடம் தோற்றுக்கொண்டிருந்தது. இந்தத் தடவையும் கோப்பை வராவிட்டால் டீமையே கலைத்துவிடுவதாக ஊரறியச் சொல்லியிருந்தார்.

"சரி அண்ணாச்சி, உங்களுக்காக" என்றான் கிட்டு.

ஞாயிற்றுக்கிழமை பத்து விக்கெட்டையும் அவனே எடுத்தான். ஜேசுதாசன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு மைதானத்திலேயே குத்தாட்டம் போட்டார். இருபது சட்டைகளையும் முகம் சுளிக்காமல் கட்டிக் கொடுத்தார்.

மறுநாள் காலை ஓட்டப்பிடாரம் கேப்டன் மாரிராஜ் புதுச் சட்டையோடு கடைக்கு வந்தான்.

"வாலே, தோத்த முகத்தைப் பாப்போம்!"

"அது கெடக்கட்டும் அண்ணாச்சி. கை இறுக்குது, ஒரு சைஸ் பெருசா மாத்தித் தாங்க."

"ஏலே, இது நான் கிட்டுவுக்குக் கொடுத்த சட்டையில்லா?"

"ஆமா. அவுட் ஆனா ஆளுக்கு ஒண்ணுன்னு பேச்சு. சொன்ன சொல் தவறாத பய!"

ஜேசுதாசன் மனசுக்குள் கணக்குப் போட்டார். வரவு, கோப்பை ஒன்று. கிட்டுவுக்குப் பத்துச் சட்டை, எதிரிகளுக்குப் பத்து. கடைசிவரை அவுட் ஆகாமல் நின்ற அப்பாவி ஒருத்தனுக்கு மட்டும் பாக்கி.