எல்லை தாண்டிய போண்டா

கிட்டே வாருங்கள் கண்ணுகளா, போண்டாவுக்காக மாநிலம் தாண்டிய ஒரு மனிதரின் கதை சொல்கிறேன்.

மத்திகிரி நல்லுசாமிக்குச் சர்க்கரை ஏறியதும், அவர் மனைவி ஜெயமணி அரசாங்கத்தின் உணவு அட்டவணையைச் சமையலறைச் சுவரில் ஒட்டினாள்.

"இனிமே தட்டுல பாதி காய்தான். எண்ணெய்ப் பலகாரம் நம்ம ரெண்டு பேருக்குமே கெடையாது. கற்பூரம் அணைச்சு சத்தியம் பண்ணலாம், வாங்க. நீங்க மீறினா நான் காவேரிப்பட்டினத்துல எங்கம்மா வூட்டுக்குப் போயிருவேன்."

பதினெட்டு நாள் சுரைக்காயோடு பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தார் அவர். பத்தொன்பதாம் நாள் நாக்கு கேட்கவில்லை. மத்திகிரியில் தின்றால் தெருவே போட்டுக் கொடுத்துவிடும். அதனால் காலையில் வேலைக்குப் போகும்போதே யூனியன் மீட்டிங் என்று சொல்லி வைத்துவிட்டு, சாயங்காலம் நேரே பஸ் ஏறி, கர்நாடகத்து அத்திப்பள்ளியில் இறங்கிக் கடைக்கு ஓடினார்.

"ரெண்டு போண்டா குடுப்பா, சீக்கிரம்!"

"இருங்க சார், தெனமும் வர்ற அக்கா முன்னாடியே நிக்கிறாங்க. அக்கா, இன்னிக்கும் நாலுதானே? சட்னி நெறைய?"

முந்தானையால் முகத்தை மூடியிருந்த அந்த அக்கா தட்டை வாங்கிக்கொண்டு திரும்பினாள், முந்தானை விலகியது. ஜெயமணி!

"அடிப்பாவி! சத்தியம் என்னாச்சு?"

அவள் அசரவே இல்லை.

"சத்தியம் பண்ணது தமிழ்நாட்டுல. இது கர்நாடகாங்க, இங்க செல்லாது."

நல்லுசாமி குஷியாகத் தட்டில் கை வைத்தார். அந்தக் கையில் பட்டென்று ஓர் அடி விழுந்தது.

"ஆனா உங்க சர்க்கரைக்கு பார்டர் தெரியாது. பாதி போண்டாதான் உங்களுக்கு. உக்காருங்க."

உங்கள் வீட்டுத் தட்டிலும் காய் நிறையட்டும் கண்ணுகளா, புருஷன் பெண்டாட்டி வழக்கெல்லாம் பாதி போண்டாவிலேயே தீரட்டும்.