வெயிலுக்கு வாடகை

"ஆண்டவன் சும்மா தந்ததுக்குக் கூலி வாங்குதவன்..." என்று அப்பா யாரையோ திட்டுவார். மீதி என்ன சொல்வார் என்பது செல்வதாசுக்கு மறந்துவிட்டது. நல்ல வார்த்தையாக இருக்காது என்பது மட்டும் நிச்சயம்.

அது ஞாபகம் வந்தது புதுக்கடை ஜங்ஷன் டீக்கடையில்.

"வெயிலுக்கு வாடகை வாங்குத மனுசனைப் பாத்திருக்கேரா ஓய்?" டீ ஆற்றிக்கொண்டே கேட்டார் கடைக்கார ததேயுஸ். "உம்ம பக்கத்து வீட்டு சுயம்புலிங்கம்தான்!"

"என்ன செஞ்சாரு?"

"மாடியில சோலார் வச்சிருக்காருல்லா? தங்கபாய் அவரு கார் ஷெட்டுல ஓவனை வச்சு கேக்கு சுட்டு விக்குதா. அதுக்கு வாரம் ஒரு கேக்கு வாடகையாம். புருசன் இல்லாத பொம்பளகிட்ட! வெயிலு என்ன, இவரு அப்பன் வீட்டுச் சொத்தா?"

கடையே சிரித்தது.

"மேகம் போட்டா, 'ஏட்டி, கரெண்டு கொறையுது, சீக்கிரம் சுடு'ன்னு மாடியில நின்னு கத்துவாரு" என்றார் பெஞ்சில் இருந்த ஒருவர். "தினமும் அந்தப் பேனலைத் துடைக்குத அழகைப் பாக்கணும்! பெத்த பிள்ளையக்கூட அப்படிக் குளிப்பாட்டியிருக்க மாட்டாரு."

செல்வதாஸ் மஸ்கட்டில் எலக்ட்ரிக்கல் வேலை பார்த்துவிட்டு ஊரோடு வந்துவிட்டவர். தன் வீட்டிலும் சோலார் வைக்கும் யோசனை இருந்தது. சுயம்புலிங்கத்தின் மாடியைப் பார்த்த மாதிரியும் ஆச்சு, நறுக்கென்று நாலு கேள்வி கேட்ட மாதிரியும் ஆச்சு என்று கிளம்பினார்.

கார் ஷெட்டில் கேக் வாசனை தூக்கியடித்தது.

"வாங்க அண்ணா!" தங்கபாயின் முகமெல்லாம் மாவு. "ஈஸ்டர் ஆர்டராக்கும். மூச்சுவிட நேரமில்ல."

"இவருக்கு வாடகை வேற குடுக்கணுமாமே?"

"பின்ன? சும்மாவா வாங்க முடியும்?"

வெடுக்கென்று கேட்டாள். கிறிஸ்மசுக்குச் சபையில் கொடுத்த அரிசிப் பையையே திருப்பிக் கொண்டுபோய் வைத்தவள்.

"எங்க வீட்டுல ஓவன் போட்டா பில்லு கட்டி மாளாதுன்னு அதை விக்கப் போனேன் அண்ணா. இவருதான் மதிலுக்கு அங்க நின்னு சத்தம் போட்டாரு. 'மிச்சக் கரெண்டை போர்டுக்கு எறியிற விலைக்குக் குடுக்கதுக்கு, நீ சுட்டு எனக்கொரு கேக்கு தந்தா லாபம்லா'ன்னு. அவருக்கும் லாபம், எனக்கும் லாபம். யாரும் யாருக்கும் தலை குனிய வேண்டாம்."

"மனுசன் கெட்டிக்காரர்தான்" என்று முணுமுணுத்தபடி செல்வதாஸ் மாடி ஏறினார்.

உச்சி வெயில். சுயம்புலிங்கம் ஈரத் துணியோடு பேனல்களைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"தள்ளி நில்லும் ஓய், நிழல் விழுது!" சத்தமாகத்தான் சொன்னார்.

நிழலுக்கும் கணக்குப் பார்க்கிறாரே என்று எரிச்சலோடு தள்ளிப் போன செல்வதாஸ், படிக்கட்டு அறைச் சுவரில், பேனல் கரெண்டை வீட்டுக்கு மாற்றித் தரும் இன்வெர்ட்டரைப் பார்த்தார். திரையில் ஒரு எழுத்துகூட இல்லை. தொட்டுப் பார்த்தார். இந்த வெயிலில் கொதிக்க வேண்டிய பெட்டி ஜில்லென்று இருந்தது.

"ஓய், இது ஓடல்லியே!"

சுயம்புலிங்கம் துணியைப் போட்டுவிட்டு ஓடி வந்தார். "மெதுவாப் பேசும்! கீழ கேக்கும்."

"எப்ப போச்சு?"

"ஐப்பசி இடியில. உள்ள எல்லாம் கருகியாச்சு. வச்சுத் தந்தவன் கம்பெனியையே பூட்டிட்டுப் போயிட்டான். மகன் துபாய்ல இருந்து லீவுல வரும்போதுதான் பாக்கணும்."

"அப்ப கீழ ஓவன் ஓடுதே?"

"அது கம்பத்துல இருந்து வாறதாக்கும். போர்டு லைனோட சேத்து வச்ச சோலாருல்லா? இது செத்தாலும் வீட்டுல லைட்டு எரியும். ஒருத்தனுக்கும் தெரியாது."

"பில்லு?"

"வருது. கெட்டுதேன்."

"செத்த பேனலை எதுக்கு ஓய் துடைக்கேரு?"

"அவ பாக்கணும்லா?"

"மேகம் போட்டா கத்துதது?"

"அது அவ கேக்கதுக்கு."

செல்வதாசுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. வாயைப் பொத்திக்கொண்டார்.

"பின்ன அந்தக் கேக்கை எதுக்கு ஓய் வாங்குதேரு? சுகர்காரன் திங்கவா முடியும்?"

"நம்ம அய்யாவழி நிழல்தாங்கலுக்குச் சாமி கும்பிட வாற பிள்ளையள் திங்குது. நான் வாங்கல்லன்னா நாளைக்கே அவ ஓவனைத் தூக்கிட்டுப் போயிருவா."

"டீக்கடையில உம்மளைப் போட்டுக் கிழிக்கானுவ."

"கிழிக்கட்டும். அவனுவ அப்படிப் பேசப் பேசத்தான் அவளும் நம்புவா."

அப்பா சொன்னதன் மீதி இனி ஞாபகத்துக்கு வராமலே இருக்கட்டும் என்று தோன்றியது செல்வதாசுக்கு.

"அண்ணா!" கீழே இருந்து தங்கபாயின் குரல். "மேல எல்லாம் ஜோரா ஓடுதா? ஆர்டரு குவியுது. இன்னொரு ஓவன் வாங்கிப் போட்டா இவரு கரெண்டு தாங்குமான்னு பாத்துச் சொல்லுங்க!"

சுயம்புலிங்கம் ஈரத் துணியைப் பிசைந்தபடி செல்வதாசைப் பார்த்தார்.

செல்வதாஸ் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து கீழே எட்டிப் பார்த்தார்.

"சோலார் ஜோரா ஓடுது தங்கபாய்! ஆனா ரெண்டாவது ஓவனை இங்க போடாத, எங்க வீட்டுல கொண்டு வை. அடுத்த வாரம் நானும் சோலார் வைக்கேன். மிச்சம் வாறதை போர்டுக்குக் குடுக்க எனக்கும் மனசில்ல."

தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"சும்மா இல்ல கேட்டியா? வாரம் ஒரு கேக்கு தந்திரணும்!"